தடுக்கும் இடம்

அன்புள்ள ஐயா,

'அப்' அனிமேஷன் படத்தில் வரும் பேசும் நாய் டக் பற்றி நீங்கள் எழுதியதைப் படித்தேன். மெக்கானிக்கல் முடித்துவிட்டு ஓசூரில் வேலை பார்க்கிறேன். குழந்தைகளுக்கான அனிமேஷன் படங்களுக்குத் திரைக்கதை எழுத வேண்டும், குரலும் கொடுக்க வேண்டும் என்று ஆசை. நான்கு வருடம் வீணாகப் படித்துவிட்டேனே என்று வருத்தமாக இருக்கிறது. முதலில் எதில் இறங்குவது, எழுத்திலா குரலிலா? எந்த மைக் வாங்கலாம்? ஏதாவது கோர்ஸில் சேரலாமா? தோற்றுவிட்டால் என்ன செய்வது? நான் எழுதிய காட்சி ஒன்றை இணைத்திருக்கிறேன்.

கே., ஓசூர்

அன்புள்ள கே,

உங்கள் கடிதம் வந்தபோது டக்குக்குக் குரல் கொடுத்த பாப் பீட்டர்சனைப் பற்றித்தான் யோசித்துக்கொண்டிருந்தேன். அந்தப் படத்தின் திரைக்கதையிலும் அவருக்குப் பங்கு உண்டு, இணை இயக்குநரும் அவர்தான். அவர் என்ன படித்தார் தெரியுமா? பர்டூ பல்கலைக்கழகத்தில் மெக்கானிக்கல் இன்ஜினியரிங். அங்கே மாணவர் பத்திரிகைக்கு கார்ட்டூன் தொடரும் வரைந்தார். வீண் என்ற பேச்சை இத்தோடு விடுங்கள். மைக், கோர்ஸ் பற்றிச் சொல்ல என்னிடம் ஒன்றுமில்லை.

எழுத்தா குரலா என்கிறீர்களே, அந்தக் கேள்வியே தப்பு.

'அப்' எடுத்த பிக்ஸார் ஸ்டுடியோவில் படம் எப்படி உருவாகிறது என்று பாருங்கள். காட்சி காட்சியாக வரைந்த ஸ்டோரிபோர்டு ஓவியங்களை வரிசையாகக் கோத்து, வசனமும் இசையும் ஒட்டி, முழுப்படம்போல ஓட்டிப் பார்ப்பார்கள். சரியில்லையென்றால் பிரித்துப் போட்டு மறுபடி கோப்பார்கள். ஒரே படத்துக்கு இது பலமுறை நடக்கும். ஒவ்வொரு முறையும் பெரிய நடிகரைக் கூப்பிட முடியுமா? உள்ளே வேலை செய்கிறவர்களே பேசிப் பதிவு செய்துவிடுவார்கள். அதற்கு ஸ்கிராட்ச் என்று பெயர். பிறகு தூக்கிப் போடத்தான் பதிகிறார்கள். சில குரல்கள் மட்டும் தூக்க முடியாதபடி ஒட்டிக்கொள்ளும். 'எ பக்ஸ் லைஃப்' படத்தில் ஜெர்மன் வாடையோடு பேசும் குண்டுப் புழு ஹெய்ம்லிக், கதைப் பிரிவில் இருந்த ஜோ ரான்ஃப்டின் குரல். 'டாய் ஸ்டோரி' திரைக்கதைக்காக ஆஸ்கர் பரிந்துரை பெற்ற எழுவரில் ஒருவர். 2005-ல் கார் விபத்தில் போனபோது அவருக்கு வயது 45.

பீட்டர்சனும் அந்த வழியில் வந்தவர்தான். 'மான்ஸ்டர்ஸ் இன்க்'கில் கோப்பு கேட்டு மிரட்டும் ராஸ், 'ஃபைண்டிங் நீமோ'வில் பாடம் பாடும் திருக்கை வாத்தியார், பிறகு டக். நீமோ, அப் இரண்டுக்கும் திரைக்கதைக்காக ஆஸ்கர் பரிந்துரை. எழுதிய வரியை அவர் வாய்தான் முதலில் மென்று பார்க்கிறது.

எனக்கு இது வேறொரு இடத்தில் புரிந்தது. இருபத்திரண்டு வயதில் ஓர் அச்சகத்தில் காப்பி ஹோல்டராக இருந்தேன். கையெழுத்துப் பிரதியை நான் உரக்கப் படிக்க வேண்டும், "கமா... முற்றுப்புள்ளி... புதுப் பத்தி" என்று நிறுத்தக்குறிகளோடு. எதிரே புரூஃப் ரீடர், அறுபது வயதுக்காரர், பிழை பார்க்க எடுத்த அச்சுத் தாளில் கண்ணை ஓட்டியபடி கேட்டுக்கொண்டிருப்பார். நான் படித்தது சரியாகவே இருக்கும், அச்சிலும் பிழை இருக்காது, ஆனாலும் ஓரத்தில் பென்சிலால் சின்னதாக ஒரு கோடு போடுவார். ஏன் அண்ணாச்சி என்று ஒருநாள் கேட்டேன். "நீ அங்க தடுக்குன தம்பி. எழுதுனவர் இதைச் சொல்லிப் பாக்கல" என்றார். சாயங்காலம் அந்தக் கோடுகளை எண்ணிப் பார்ப்பேன். நல்ல எழுத்தாளர்களின் பக்கங்களில் ஒன்றிரண்டுதான் இருக்கும்.

இப்போது உங்கள் காட்சிக்கு வருகிறேன். கோபமாகவே சொல்கிறேன், உங்களிடம் திறமை இருப்பதால்தான் கோபம். அந்த ஆறு வயதுப் பெண் அணிலிடம், "என் உணர்வுகளை நீ புரிந்துகொள்ளவே இல்லை" என்கிறாள். எந்த வீட்டில், எந்தக் குழந்தை இப்படிப் பேசும்? இதை ஒருமுறை வாய்விட்டுச் சொல்லியிருந்தால் உங்கள் நாக்கே மறுத்திருக்கும். டக் அந்தப் படத்தின் நாயகனான தாத்தாவைப் பார்த்ததும் சொல்வதை நினைத்துப் பாருங்கள்: "உங்களை இப்பதான் பார்த்தேன், எனக்கு உங்களை ரொம்பப் பிடிச்சிருக்கு." பீட்டர்சன் இளைஞராக இருந்தபோது குழந்தைகள் முகாமில் பார்த்துக்கொள்ளும் வேலை செய்தார். அங்கே ஒரு குழந்தை அவரிடம் சொன்ன வார்த்தை அது. காதில் விழுந்ததை இருபது வருடத்துக்கு மேல் பத்திரமாக வைத்திருந்து, ஒரு நாய்க்குக் கொடுத்திருக்கிறார். அணிலைப் பார்த்ததும் டக் பேச்சைப் பாதியில் விட்டுத் திரும்புகிறதே, அந்த இடமும் பேசிப் பார்த்தவர்களுக்குத்தான் அமையும். பேனாவுக்கு வாக்கியத்தை முடிக்கத்தான் தெரியும்.

தோல்வி பற்றிக் கேட்டீர்கள். 2013-ல் ஒரு படத்தின் இயக்கம் பாதியில் பீட்டர்சன் கையைவிட்டுப் போனது. 2021-ல் டக்கை வைத்தே குறும்படத் தொடர் எழுதி இயக்கினார். குரலும் அவரேதான்.

உங்கள் அணில் நன்றாக இருக்கிறது. வாலைத் தூக்கிக்கொண்டு "நான் சாப்பிடல, முருங்கைதான் சாப்பிட்டுச்சு" என்று பொய் சொல்லும் இடத்தில் வாய்விட்டுச் சிரித்தேன். அந்த வரியை நிச்சயம் நீங்கள் யாரிடமோ கேட்டிருக்கிறீர்கள்.

காட்சி முழுவதையும் உரக்கப் படித்து, போனில் பதிவு செய்து அனுப்புங்கள். மைக் வேண்டாம். தடுக்கும் இடங்களை வெட்டிவிடாதீர்கள், அப்படியே இருக்கட்டும். பென்சிலோடு உட்கார்ந்து கேட்கிறேன்.