பாறை பிளந்தது, மண்சுவர் ஏன் விழவில்லை?

அன்புள்ள ஆசிரியருக்கு,

உங்கள் தொடரை முதல் அத்தியாயத்திலிருந்தே படித்து வருகிறேன். பொறியியல் படித்தவன் என்பதால் ஓர் உறுத்தல். கதையில் பாட்டால் கல்லைப் பிளக்கிற கல்பாடிகளின் கொள்கைப்படி ஒவ்வொரு பொருளுக்கும் ஓர் உள்சுரம் உண்டு, அதைக் கண்டுபிடித்துப் பாடினால் பொருள் பிளக்கும். சரி. ஆனால் ராமுழுக்கப் பாடிக் கருங்கல் பாறையைப் பிளந்த கிழவி, கோட்டையின் வெறும் மண்சுவருக்கு முன்னால் கையை விரித்துவிடுகிறாள். கதைக்கு வசதியாக விதியை வளைத்துவிட்டீர்களா? 1940இல் அமெரிக்காவின் டகோமா பாலமே ஒத்ததிர்வால், அதாவது தன் சொந்தச் சுரத்திலேயே தள்ளப்பட்டு அதிர்வு பெருகி, விழுந்ததே, மண்சுவர் எம்மாத்திரம்? விடிவதற்குள் பாடி முடிக்க வேண்டும் என்பதும் சினிமாத்தனமாக இருக்கிறது. கற்பனை உலகம்தானே, இந்தக் கணக்கெல்லாம் எதற்கு?

ச.

அன்புள்ள ச.,

கணக்கு இடிக்கிறது என்று ஆரம்பித்து, கணக்கே எதற்கு என்று முடித்திருக்கிறீர்கள். ஆரம்பித்த ஆளுக்கே பதில் எழுதுகிறேன்.

கருங்கல் தூணைத் தட்டினால் கணீரென்கிறது. மண்சுவரைத் தட்டினால் தொப்பென்று அங்கேயே அடங்கிவிடுகிறது. சிலைக்குக் கல் எடுக்கும்போது ஸ்தபதிகள் தட்டிப் பார்ப்பது இதைத்தான். எழும் ஓசையை வைத்து ஆண் கல், பெண் கல் என்று பிரிப்பார்கள், ஓசையே எழாத கல் சிலைக்கு ஆகாது. என் கல்பாடிகள் அந்தத் தட்டலிலிருந்து வந்தவர்கள். ஒத்ததிர்வு தானாக எந்தச் சக்தியையும் உண்டாக்காது, நாம் கொடுப்பதைச் சேர்த்து வைக்கும், அவ்வளவுதான். கொடுக்கக் கொடுக்க வெப்பமாகக் கரைந்துபோகிற மண்ணைப் பார்த்துப் பாடுவது ஓட்டைக் குடத்தில் தண்ணீர் மொண்டு ஊற்றுகிற வேலை. கிழவிக்கு அது தெரியும், அதனால்தான் வாயைத் திறக்காமலே திரும்பிப் போனாள்.

நிஜத்தில் கருங்கல்லிலும் கசிவு உண்டு. மனிதக் குரலால் மெல்லிய கண்ணாடிக் கோப்பையை உடைக்கலாம், பாறையை முடியாது. அங்கே மட்டும் ஒரு பொய் சொன்னேன்: அந்த உலகத்துக் கல்லில் ஒலி கிட்டத்தட்டத் தேய்வதே இல்லை. மற்றதெல்லாம் நம் உலகத்து இயற்பியல். ஒரு பொய்யைச் சொல்லிவிட்டு அது இழுத்துக்கொண்டு போகிற இடத்துக்கெல்லாம் பின்னாலேயே போவதுதான் இந்த மாதிரிக் கதை எழுதுவதில் எனக்குப் பிடித்த பகுதி, சொல்லப்போனால் மர்மத்தைவிட அதுதான்.

எங்கே போகிறது என்று பாருங்கள். இழப்பு குறையக் குறைய ஒத்ததிர்வு கூர்மையாகும். சுரம் மயிரிழை பிசகினாலும் கல் வாங்கிக்கொள்ளாது. அதோடு, தேய்வதற்கு நெடுநேரம் பிடிக்கிற அதிர்வு, ஏறுவதற்கும் நெடுநேரம் பிடிக்கும். கிழவி ராமுழுக்கப் பாடியது அதற்காகத்தான், உங்களை அழ வைக்க அல்ல. அப்புறம் விடியல். வெயில் பட்டால் கல் சூடேறும், சூடேறினால் விறைப்பு மாறும், விறைப்பு மாறினால் சுரம் நகரும். சாதாரணக் கல்லில் அந்த நகர்வு காதுக்கே எட்டாது, ஆனால் இவ்வளவு கூர்மையான கல்லில் அதுவே போதும், இரவெல்லாம் பாடியது வீண். மேகமூட்டமான நாளில் பகலிலும் பாடலாம். 9ஆம் அத்தியாயத்தில் ஒருவன் பாடுகிறான், ஒருவரும் கவனித்ததாகத் தெரியவில்லை.

அந்த நாட்டில் யாரும் கல்வீட்டில் குடியிருப்பதில்லை என்பதையாவது கவனித்திருப்பீர்கள். வண்டிச் சத்தம், இடி, பக்கத்து வீட்டுச் சண்டை எல்லாம் சுவரிலேயே தங்கிவிட்டால் எவன் தூங்குவான்? கோட்டையை மண்ணால் கட்டியவன் காசில்லாமல் கட்டவில்லை, விவரம் தெரிந்து கட்டினான்.

டகோமா விஷயத்தில் உங்களைக் குறை சொல்ல மாட்டேன், பாடப்புத்தகங்களே அப்படி எழுதியதுண்டு. ஒத்ததிர்வுக்கு வெளியிலிருந்து தாளம் தப்பாமல் தள்ளுகிற ஒன்று வேண்டும். 1940 நவம்பர் 7 அன்று அங்கே அடித்ததோ மணிக்குச் சுமார் 64 கிலோமீட்டர் வேகத்தில் ஒரே சீரான காற்று. பாலம் முறுகியபோது அதன்மேல் காற்று படுகிற விதம் மாறியது, அந்த மாற்றம் பாலத்தை இன்னும் முறுக்கியது, இப்படியே ஏறிப் பிய்ந்து விழுந்தது. ஃப்ளட்டர் என்கிறார்கள். உங்கள் கேள்விக்குப் பொருத்தமான பாலம் லண்டன் மில்லேனியம் பாலம். 2000 ஜூனில் திறந்து, கூட்டம் நடக்க நடக்கப் பக்கவாட்டில் ஆடியதால் இரண்டே நாளில் மூடினார்கள். அதிர்வை விழுங்கும் தணிப்பான்களைப் பொருத்திய பிறகு 2002இல் மறுபடி திறந்தார்கள். குடத்தில் வேண்டுமென்றே ஓட்டை போடுவதுதான் அது, என் கோட்டைக்காரன் செய்த அதே காரியம்.

நீங்கள் பிடித்திருக்க வேண்டிய ஓட்டை வேறு. ஒரு பொருளுக்கு ஓர் உள்சுரம் என்று கல்பாடிகள் நம்புகிறார்களே, அது தப்பு. ஒரு பொருளுக்குப் பல சுரங்கள். உலோகத் தகட்டில் மணலைத் தூவி, விளிம்பில் வயலின் வில்லை இழுத்தால், ஒவ்வொரு சுரத்துக்கும் மணல் ஒவ்வொரு கோலமாக ஒதுங்கும். ஜெர்மன் இயற்பியலாளர் கிளாட்னி இதை 1787இலேயே வெளியிட்டுவிட்டார். வெறும் தோலை இழுத்துக் கட்டித் தட்டினால் எழும் மேல்சுரங்கள் ஒன்றோடொன்று ஒட்டாது. மிருதங்கத்தின் வலப்பக்கத் தோலான வலந்தலையில் கிட்டக்கல் பொடியையும் சோற்றையும் பிசைந்து, துளித்துளியாக அப்பி, வழவழப்பான கல்லால் அழுத்தித் தேய்த்து, காயவிட்டு, மேலே இன்னொரு பூச்சு என்று ஏற்றுகிறார்களே, அந்தக் கருவட்டம், கரணைதான் அவற்றை ஒழுங்குக்குக் கொண்டுவருகிறது. சி.வி. ராமன் 1920இல் சிவகாலி குமாருடன் சேர்ந்து இதைப் பற்றி நேச்சர் இதழில் எழுதினார். படித்த நாளிலிருந்து கதையில் எங்காவது வைக்க வேண்டும் என்று காத்திருந்தேன்.

பாறையின் மேல் எதையாவது அப்பி அதன் சுரத்தையே மாற்றிவிடலாம் என்று கல்பாடிகளில் ஒருவருக்கும் இதுவரை தோன்றவில்லை. தோல்கருவி கட்டுகிற வீட்டுப் பெண் ஒருத்தி 31ஆம் அத்தியாயத்தில் வருகிறாள். படித்துவிட்டு அடுத்த உறுத்தலை எழுதி அனுப்புங்கள்.