எஃப்ஐஆருக்கு டெல்லி அனுமதி வேண்டாம்

கேள்வி: மணிப்பூரில் மலை மாவட்டம் ஒன்றில் கடை வைத்திருக்கும் தமிழ்க் குடும்பம் எங்களுடையது. மூன்று மாதங்களுக்கு முன், இரவுச் சோதனைக்கு வந்த படையினர் சுட்டதில் என் மைத்துனர் இறந்துபோனார். "படை மேல கேஸ் போட மாநிலப் போலீசுக்கு அதிகாரம் இல்லை, டெல்லி அனுமதியோடு வாங்க" என்கிறார்கள் ஸ்டேஷனில். அந்த அனுமதியை வாங்கித் தருவதாக ஒருவர் பணம் கேட்கிறார். கொடுக்கலாமா?

பதில்: ஒரு பைசா கொடுக்காதீர்கள். எஃப்ஐஆர் போட அப்படி ஓர் அனுமதியே தேவையில்லை. இல்லாத பொருளை உங்களுக்கு விற்கப் பார்க்கிறார்.

ஆயுதப்படைகள் சிறப்பு அதிகாரச் சட்டம் 1958-இன் 6-ஆம் பிரிவைத்தான் எல்லோரும் காட்டிப் பயமுறுத்துவார்கள். மத்திய அரசின் முன் அனுமதியின்றி வழக்கு தொடுக்கக் கூடாது என்கிறது அது. தொடுப்பது வேறு, விசாரிப்பது வேறு. புகாரைப் பதிவது, சாட்சிகளை விசாரிப்பது, குற்றப்பத்திரிகை தயாரிப்பது எல்லாம் மாநிலப் போலீசின் வேலை. அனுமதிக் கதவு இருப்பது கோர்ட் வாசலில். ஸ்டேஷன் வாசலில் இல்லை. காஷ்மீரில் ராணுவத்தினர் மீது போலி என்கவுன்டர் புகார் எழுந்த பத்ரிபல் வழக்கில் 2012-இல் உச்ச நீதிமன்றம் சொன்னதும் இதுதான்: நீதிமன்றம் வழக்கைக் கையில் எடுக்கும் முன் அனுமதி வேண்டும்.

நாகாலாந்தைப் பாருங்கள். 2021 டிசம்பர் 4 அன்று ஓட்டிங்கில் சுரங்க வேலை முடித்து வேனில் திரும்பிய ஆறு பேரை ராணுவத்தின் சிறப்புப் பிரிவு சுட்டுக் கொன்றது. மாநிலப் போலீஸ் வழக்குப் பதிந்தது, சிறப்புக் குழு விசாரித்தது, 2022-இல் ராணுவத்தினர் 30 பேர் மீது குற்றப்பத்திரிகை தயாரானது. இதற்கெல்லாம் டெல்லி அனுமதி தேவைப்படவில்லை.

'எஃப்ஐஆர் ஏற்கெனவே போட்டாச்சு' என்று ஸ்டேஷனில் சொன்னால் நம்பிவிடாதீர்கள். நகலை வாங்கி, குற்றம் சாட்டப்பட்டவர் யார் என்று பாருங்கள். பெரும்பாலும் அது படைப்பிரிவு கொடுத்த புகாராக இருக்கும். குற்றவாளி இடத்தில் இறந்தவரின் பெயர் இருக்கும். மணிப்பூரில் இதுதான் வழக்கமாக நடந்தது. செத்தவர் மேல் கேஸ் போட்டு, அவர் செத்துவிட்டதால் கேஸை மூடிவிடுவார்கள். 'ஒரு சம்பவத்துக்கு ஒரு எஃப்ஐஆர்தான்' என்றும் மடக்குவார்கள். எதிர்த்தரப்பின் மாற்றுப் புகாரைத் தனியாகப் பதியலாம் என்று உப்கார் சிங் வழக்கில் 2004-லேயே தீர்ப்பு வந்துவிட்டது.

நாளைக்கே இதைச் செய்யுங்கள். புகாரில் தேதி, நேரம், இடம், படைப்பிரிவின் பெயர், வண்டி எண், பார்த்தவர்கள் யார் என்பதை மட்டும் எழுதுங்கள், ஆவேசம் வேண்டாம். ஸ்டேஷனில் வாங்க மறுத்தால் அதே புகாரை எஸ்.பி.க்கு ஸ்பீட் போஸ்டில் அனுப்பி ரசீதைப் பத்திரப்படுத்துங்கள் (பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பிஎன்எஸ்எஸ் சட்டம், பிரிவு 173(4)). அங்கேயும் அசையவில்லை என்றால் மாஜிஸ்திரேட்டிடம் மனு. இந்த எஸ்.பி. படியைத் தாண்டிக் கோர்ட்டுக்குப் போனால் திருப்பி அனுப்பிவிடுவார்கள்.

பிரேதப் பரிசோதனை அறிக்கை நகல் கேளுங்கள். உடலிலிருந்து எடுத்த குண்டு தடயவியல் ஆய்வகத்துக்குப் போனதா என்று எழுத்திலேயே கேளுங்கள். அந்த இரவு சோதனைக்கு வந்தவர்களின் துப்பாக்கிகளையும் தோட்டாக் கணக்குப் பதிவேட்டையும் விசாரணை அதிகாரி கைப்பற்ற வேண்டும் என்பதையும் மனுவில் சேருங்கள். பிரிவு இடம் மாறினால் துப்பாக்கியும் கூடவே போய்விடும். அப்புறம் குண்டை எதோடு ஒப்பிடுவது? மைத்துனரின் உடைகள் உங்கள் கையில் இருந்தால் துவைக்காமல், பிளாஸ்டிக்கில் போடாமல், காகித உறையில் வையுங்கள். பிளாஸ்டிக்கில் பூஞ்சை பிடித்துவிடும்.

ஒன்றை மட்டும் நிதானமாகப் படியுங்கள். அந்த இரவு வந்தவர்களில் மாநிலப் போலீஸ் கமாண்டோக்களும் இருந்தார்களா? இருந்திருந்தால், சுட்டது யார் என்பதைப் பொறுத்து எல்லாமே மாறும். 1958 சட்டம் 'ஆயுதப்படை' என்று சொல்வது ராணுவத்தையும், ஒன்றியத்தின் பிற படைகளையும்: அசாம் ரைபிள்ஸ், சிஆர்பிஎஃப், பிஎஸ்எஃப் மாதிரி. மாநிலக் கமாண்டோ அதில் வரமாட்டார். அவர் சுட்டிருந்தால் இந்தச் சட்டத்தின்படி டெல்லி அனுமதிப் பேச்சே இல்லை. சேர்ந்து போனதால் அவருக்கும் அந்தக் கவசம் உண்டு என்று யாராவது வாதாடினால், சட்டத்தின் 2-ஆம் பிரிவைக் காட்டுங்கள். ஆகவே புகாரில் 'படையினர் சுட்டனர்' என்று மொத்தமாக எழுதாதீர்கள். எந்த நிறச் சீருடை, எந்தப் பக்கமிருந்து குண்டு வந்தது என்று பார்த்தவர் சொன்னபடி எழுதுங்கள்.

'120 நாளில் பதில் வராவிட்டால் அனுமதி தந்ததாகிவிடும்' என்று சில வக்கீல்கள் ஆசை காட்டுவார்கள். அந்த விதி பிஎன்எஸ்எஸ் 218-இன் முதல் உட்பிரிவில் இருக்கிறது. ஆயுதப்படையினர் வருவது இரண்டாவதில். 1958 சட்டத்திலும் அப்படிக் கெடு எதுவும் கிடையாது. யாரையும் கைது செய்யவில்லையே என்று சோர்ந்துவிடவும் வேண்டாம். கடமையில் செய்த செயலுக்காகப் படையினரைக் கைது செய்ய மத்திய அரசின் சம்மதம் வேண்டும், விசாரணைக்கு வேண்டாம்.

மாநில அரசிடம் விசாரணை ஆணையம் கேட்கலாம், அமைக்க அதிகாரமும் உண்டு. ஆனால் ஆணைய அறிக்கை வெறும் பரிந்துரை. அசாம் ரைபிள்ஸ் பிடித்துச் சென்றபின் கொல்லப்பட்ட மனோரமா என்ற பெண்ணின் வழக்கில் 2004-இல் மணிப்பூர் அரசு அமைத்த ஆணையத்தின் அறிக்கை மீது மாநிலம் நடவடிக்கை எடுக்கலாமா என்று கவுகாத்தி உயர் நீதிமன்றத்தில் 2010 வரை இழுத்தார்கள்.

அனுமதி கிடைக்குமா என்றால், மறைக்காமல் சொல்கிறேன், கடினம். ஜம்மு காஷ்மீரிலிருந்து வந்த 50 கோரிக்கைகளில் 47 மறுக்கப்பட்டன, மூன்று நிலுவையில் உள்ளன என்று 2018-இல் அரசே ராஜ்யசபாவில் சொன்னது. ஓட்டிங்குக்கும் 2023-இல் மறுத்தார்கள். ஒரு மாநிலப் போலீஸ் ஆறு மாதம் உழைத்துக் கட்டிய வழக்கை ஒரே கடிதத்தில் முடித்துவிட முடிகிறது. இருந்தாலும், விசாரணைக் கோப்பு இருந்தால்தான் மறுப்பை எதிர்த்துக் கோர்ட்டுக்குப் போகவும், இழப்பீடு கேட்கவும் வழி உண்டு.

கடைசியாக, அவசரப்பட்டு மாநில மனித உரிமை ஆணையத்தில் மனுப் போடாதீர்கள். படையினர் விவகாரத்தில் மத்திய அரசிடம் அறிக்கை கேட்கும், மனித உரிமைகள் பாதுகாப்புச் சட்டத்தின் 19-ஆம் பிரிவு தேசிய ஆணையத்துக்கு மட்டும்தான். மாநில ஆணையத்தில் மனு நிலுவையில் இருந்தால் தேசிய ஆணையம் அதைத் தொடாது. தேசிய ஆணையத்தில் மனுப் போட, சம்பவ நாளிலிருந்து ஓராண்டுதான் கெடு. உங்களுக்கு இன்னும் ஒன்பது மாதம் இருக்கிறது.