வீட்டுக் கடன்: மாசத் தவணை 26,035 சரி, மொத்தம் எவ்வளவு?
சார், மஞ்சக்குப்பம் வீட்டுக்குக் கடன் 30 லட்சம், வட்டி 8.5 சதவீதம், 20 வருஷம். தவணை "வாடகையைவிட கொஞ்சம்தான் கூட"ன்னு உங்க பதிவுல எழுதியிருக்கீங்க. 240 தவணையைக் கூட்டுங்க: 62.48 லட்சம். முதல் தவணையில் 21,250 வட்டிக்கே போகும், அசலில் குறையறது வெறும் 4,785.

இது போதாதுன்னு ஃப்ளோட்டிங் வட்டி வேற, அதாவது நடுவுல ஏறி இறங்கற வட்டி. ஆரம்பத்திலேயே 9 சதவீதம் ஆச்சுன்னா, வங்கி பெரும்பாலும் தவணையைத் தொடாம மாதங்களை 267 ஆக்கிடும். சத்தமில்லாம ஏழு லட்சம் கூடுதல்! தவணையை 26,992 ஆக்கச் சொல்லி எழுதிக் கொடுத்தா அதே 20 வருஷம்தான். மாசம் 957 ரூபாய்தான் வித்தியாசம்.

போனஸ் வந்தா வருஷம் ஒரு தவணை கூடுதலாக் கட்டுங்க, கடன் காலத்துல மூணு வருஷத்துக்கும் அதிகமாவே குறையும். ஃப்ளோட்டிங் வீட்டுக் கடனுக்கு இப்படி முன்கூட்டிக் கட்டினா அபராதம் கிடையாது. 'அசலில் வரவு'ன்னு எழுதிக் கொடுங்க, இல்லேன்னா அடுத்த மாசத் தவணைக்கு முன்பணமாப் போட்டுடுவாங்க.