மூடிய தளம் திரும்ப வந்தால் பணம் கட்டலாமா?

கேள்வி: படங்களைப் பதிவிறக்கும் தளம் ஒன்றை முடக்கிவிட்டதாகச் செய்தி வந்தது. சில வாரங்களில் அதே பெயர், அதே சின்னத்தோடு வேறு முகவரியில் வந்துவிட்டது. முன்பு இலவசம்; இப்போது ஆண்டுச் சந்தா கேட்கிறது. கட்டலாமா? எத்தனை முறை மூடினாலும் இவை ஏன் ஒழிவதில்லை?

பதில்: கட்டாதீர்கள். ஏற்கெனவே அட்டை எண்ணைக் கொடுத்திருந்தால், மேற்கொண்டு படிக்கும் முன் வங்கியை அழைத்து அந்த அட்டையை முடக்கச் சொல்லுங்கள்.

முதல் கேள்விக்கான காரணம் உங்கள் இரண்டாவது கேள்வியிலேயே இருக்கிறது. 1999-இல் வந்த நாப்ஸ்டர் என்ற பாடல் பகிர்வுச் சேவையில் பாடல்கள் பயனர்களின் கணினிகளில் இருந்தன. எந்தப் பாடல் யாரிடம் என்ற பட்டியல் மட்டும் நிறுவனத்தின் சர்வரில் இருந்தது. வழக்கில் தோற்று 2001-இல் அதை நிறுத்தியதும் எல்லாமே நின்றது. அதே ஆண்டு பிராம் கோஹன் வெளியிட்ட பிட்டோரண்ட் முறையில் கோப்பு துண்டு துண்டாகப் பலரிடம் கிடக்கிறது. இறக்குகிறவரே மற்றவர்களுக்கு ஏற்றியும் கொடுக்கிறார். தளத்தில் படமே கிடையாது, படத்துக்கு வழி சொல்லும் குறிப்புதான் உண்டு. இந்த முறையில் இயங்கும் பைரேட் பே என்ற தளம் 2012-இல் அந்தக் குறிப்பையும் மேக்னட் இணைப்பு என்ற ஒற்றை வரியாகச் சுருக்கியது. முழுப் பட்டியலும் ஒரு பென் டிரைவுக்குள் அடங்கிவிடும். சர்வரைத் தூக்கிச் சென்றால் என்ன குறைந்துவிடும்?

இதே எளிமைதான் ஏமாற்றுக்காரருக்கும் வசதி. 2014 டிசம்பரில் ஸ்வீடன் காவல்துறை பைரேட் பேயின் சர்வர்களைக் கைப்பற்றியது. தளம் திரும்ப ஏழு வாரங்களுக்கு மேல் ஆனது. அந்த இடைவெளியில் அதே தோற்றத்தில் நகல்கள் முளைத்துவிட்டன. அந்தப் பெயரையும் சின்னத்தையும் யாரும் எடுத்து ஒட்டிக்கொள்ளலாம். உரிமையாளர் நீதிமன்றம் ஏறி வழக்குத் தொடர முடியாத பெயர் அது. ஆகவே உங்களிடம் சந்தா கேட்பவர் பழைய ஆள்தான் என்று காட்ட எதுவுமே இல்லை. ரசீது இல்லை, முகவரி இல்லை, பணம் திரும்பக் கேட்க ஆள் இல்லை. படத்தைப் பார்க்க 'பிளேயர்' ஒன்றை நிறுவச் சொன்னால் அந்தப் பக்கத்தை உடனே மூடிவிடுங்கள். தீநிரல்கள் கணினிக்குள் நுழையும் பழைய வாசல் அது.

விபிஎன் (இணைய இணைப்பை வேறொரு சர்வர் வழியாக அனுப்பும் சேவை) போட்டால் பாதுகாப்பு என்று சிலர் சொல்வார்கள். அது உங்கள் இணைய முகவரியை மறைக்கும், அவ்வளவுதான். உரிமையில்லாத நகல் அதனால் உரிமையுள்ளதாகிவிடாது. டோரண்டில் நீங்களே விநியோகிப்பவராகவும் ஆகிவிடுகிறீர்கள் என்பதையும் பலர் நினைத்துப் பார்ப்பதில்லை.

இவ்வளவு சொன்னாலும், மக்கள் அங்கே போவதற்கான காரணத்தை நான் தள்ளிவிட மாட்டேன். ஒரு தொடரின் முதல் பருவம் ஒரு சேவையில், அடுத்தது இன்னொன்றில். 'வாங்கு' என்ற பொத்தானை அழுத்திப் பணம் கொடுத்தாலும் பெரும்பாலும் கிடைப்பது பயன்படுத்தும் அனுமதி மட்டுமே. 2009-இல் அமேசான், தனக்கு விற்றவரிடம் உரிமை இல்லை என்று தெரிந்ததும், வாசகர்கள் விலை கொடுத்து வாங்கிய மின்னூல்களை அவர்களுடைய கிண்டில் கருவிகளிலிருந்தே அழித்தது. பணத்தைத் திருப்பித் தந்தது உண்மை. ஆனால் வாங்கிய பொருள் வீட்டுக்குள்ளிருந்து போய்விட்டதே! இந்தக் கோபம் நியாயமானது. அதை எழுத்தில் புகாராக அந்த நிறுவனத்துக்கே அனுப்புங்கள்.

நிலையாக வேண்டியதை வட்டாகவோ, நகலெடுப்பதைத் தடுக்கும் பூட்டு இல்லாத கோப்பாகவோ வாங்குங்கள். ஒருமுறை பார்க்க மட்டும் என்றால் மாதச் சந்தா போதும். கட்டிய அன்றே தானியங்கிப் புதுப்பிப்பை நிறுத்திவிடுங்கள்.