படத்தில சிவப்பு, முற்றத்தில வெயில்

மாரி தொடங்கினா திருகோணமலையில எல்லார்ட போனிலயும் செய்மதிப் படம்தான். நான் டியூசனில பௌதிகவியல் படிப்பிக்கிற ஆள், இன்ஃப்ராரெட், அதான் கண்ணுக்குத் தெரியாத வெப்பக் கதிர், எண்டா எனக்குக் கொஞ்சம் பைத்தியம், அதால கேளுங்கோ எண்டன். வந்த கேள்விகளில சிலது.

உப்புவெளித் தங்கச்சி: அண்ணை, நேற்று மத்தியானம் எங்கட தலைக்கு மேல படத்தில கடுஞ்சிவப்பு, இங்க உடுப்புக் காயுது. படம் பொய்யா?

படம் பொய் இல்ல பிள்ளை, நாங்கள் வாசிக்கிறதுதான் பிழை. அந்தச் சிவப்பு மழை இல்ல, குளிர். முகிலின்ர உச்சியில இருந்து வாற இன்ஃப்ராரெட் கதிர்வீச்சை அளந்து, அது எவ்வளவு குளிர் எண்டு பாத்துத்தான் நிறம் போடுறாங்கள். எங்கட கடல் 28 பாகை செல்சியஸ் கிட்ட இருக்கும், 15 கிலோமீற்றர் உயர உச்சி -70 கிட்ட. இடிமுகில் அடங்கின பிறகும் அதின்ர மேல்பக்கம் பாய் விரிச்ச மாதிரி பனித்துகளாக் கிடக்கும், கீழ மப்பு மட்டும்தான், துளி விழாது. வெயிலே எறிச்சதெண்டா வேற கதை. நீங்கள் பாக்கிறது ஹிமாவாரி எண்ட ஜப்பான் செய்மதியின்ர படமா இருக்கும், அது 140.7 பாகை கிழக்கு நெடுங்கோட்டில நிண்டு எங்களைச் சரிவாப் பாக்குது, அதால அவ்வளவு உயரமான முகில் 30, 40 கிலோமீற்றர் மேற்கால தள்ளித் தெரியும். கடலுக்கு மேல நிண்டதை உங்கட கூரைக்கு மேல கீறிப்போட்டிருக்கும்.

கிண்ணியா நானா: இரவு படத்தில ஒண்டுமில்ல, வெளிய வந்தா ஒரு வெள்ளியும் தெரியல?

பணிஞ்ச முகில் நானா. அதுக்கும் கடலுக்கும் சூட்டு வித்தியாசம் கொஞ்சம்தான், படத்தில ரெண்டும் ஒரே சாம்பல். 3.9 மைக்ரோமீற்றர் அலைநீளத்தில எடுத்த படத்தையும் 11 கிட்ட எடுத்ததையும் கழிச்சுப் பாத்தா பிடிபடும். ஒரு படத்தை நம்பி வள்ளம் தள்ளாதீங்கோ.

ஏ எல் பெடியன்: சேர், வெப்பமானி இல்லாம வளிமண்டலத்தின்ர நடுவில இருக்கிற வெப்பநிலையைச் செய்மதி எப்பிடி அளக்குது?

நல்ல கேள்வி. மாரியில கொட்டியாரக் குடாவில தண்ணி கலங்கினா ஒரு முழம்தான் தெரியும், தெளிஞ்சா அடிமண் தெரியும், என்ன? காபனீரொட்சைட்டும் அப்பிடித்தான். 15 மைக்ரோமீற்றரில அது கலங்கல் தண்ணி, கீழ இருந்து வாறதை விழுங்கிப்போடும், மேல் அடுக்கின்ர சூடு மட்டும்தான் வெளிய வரும். அந்த அலைநீளத்தை விட்டுக் கொஞ்சம் கொஞ்சமா விலக, தண்ணி தெளிஞ்சு கீழ் அடுக்கும் தெரியும். அந்த வாயு எல்லா இடத்திலயும் ஏறக்குறைய ஒரே அளவில கலந்திருக்கிறதால மாறுறது வெப்பநிலைதான். 1969இல நிம்பஸ் 3 செய்மதி இதைச் செய்து காட்டினது, 2002இல போன ஏர்ஸ் கருவிக்கு 2378 சனல், அதாவது அத்தனை தனித்தனி அலைநீளத்தில அளக்கும், மெட்டொப் எண்ட ஐரோப்பியச் செய்மதியில இருக்கிற ஐயாசி கருவிக்கு 8461! எண்டாலும் தடிச்ச முகில் குறுக்க வந்தா அதுக்குக் கீழ குருடுதான், அங்க மைக்ரோவேவ் கருவிதான் கைகுடுக்கும்.

ஒரு அம்மா: தம்பி, கன்னியா வெந்நீர்க் கிணறு செய்மதிப் படத்தில சூடாத் தெரியுமே?

தெரியாதம்மா. ஹிமாவாரியின்ர ஒரு புள்ளி, நேர் கீழயே 2 கிலோமீற்றர், எங்கட பக்கம் சரிவால இன்னும் பெரிசு. ஏழு கிணறும் சுத்துக்காடும் ரோட்டும் எல்லாம் சேர்ந்து ஒரே சூடாத்தான் வரும்.