உடைந்த ஐ ஷேடோவும் ஒரு பாட்டில் டாப் கோட்டும்: கேள்வி-பதில்

கீழே விழுந்து பொடிப்பொடியான ஐ ஷேடோவைத் தூக்கிப்போட மனம் வராதவர்கள் இத்தனை பேர் இருப்பார்கள் என்று நான் நினைக்கவில்லை. அந்தப் பொடியைக் கலந்து நெயில் பாலிஷுக்கு நிறம் ஏற்றுவது பற்றி வந்த கேள்விகளில் பாதி ஒரே மாதிரி இருந்ததால் சேர்த்தே பதில் எழுதுகிறேன்.

முதலில் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். வீட்டில் நாம் நெயில் பாலிஷ் தயாரிப்பதில்லை. டாப் கோட் என்று விற்கும், வழக்கமாக நிறத்துக்கு மேலே பூசும் நிறமில்லாத பாலிஷ் ஒன்றை வாங்கி அதற்கு நிறம் ஏற்றுகிறோம், அவ்வளவுதான். நகத்தின் மேல் கண்ணாடிபோலக் காய்ந்து நிற்பது நைட்ரோசெல்லுலோஸ் என்ற பொருள். அதை எத்தில் அசிடேட், பியூட்டைல் அசிடேட் போன்ற கரைப்பான்களில் கரைத்து விற்கிறார்கள். பூசியதும் கரைப்பான் ஆவியாகிவிடும், படலம் மட்டும் மிஞ்சும். நாம் உள்ளே போடும் எதுவும் அந்தப் படலம் காய்வதைக் கெடுக்கக் கூடாது. கீழே உள்ள பதில்கள் பெரும்பாலும் இங்கிருந்துதான் வருகின்றன.

கேள்வி: வெண்கல நிற ஐ ஷேடோ ஒன்று உடைந்துவிட்டது. எவ்வளவு பொடிக்கு எவ்வளவு பாலிஷ்? எந்த வரிசையில் கலப்பது?

மினுமினுப்பான ஐ ஷேடோ என்றால் உங்களுக்கு அதிர்ஷ்டம்தான். அந்த மினுக்கு பெரும்பாலும் மைக்கா என்ற கனிமத்தூள். அது பாலிஷில் நன்றாகப் பரவும். மினுக்கில்லாத மேட் வகையில் டால்க் அதிகம் இருப்பதால் கட்டி தட்டும், கொஞ்சம் பொறுமை வேண்டும்.

பத்து மில்லி பாட்டில் என்று வைத்துக்கொள்வோம். அதிலிருந்து கால்வாசியை இன்னொரு கண்ணாடி பாட்டிலில் ஊற்றி வைத்துவிடுங்கள். பொடிக்கு இடம் வேண்டும், பிறகு நிறம் அதிகமாகிப்போனால் அதுவே கைகொடுக்கும். பிளாஸ்டிக் கப்பில் மட்டும் ஊற்றாதீர்கள். சில வகை பிளாஸ்டிக்கைக் கரைப்பான் இளக்கிவிடும். ஒருமுறை பிளாஸ்டிக் ஸ்பூனால் கலக்கப்போய், எடுத்தபோது அதன் முனை சூயிங்கம் மாதிரி இழுபட்டது.

உடைந்த ஷேடோவை மடித்த காகிதத்துக்குள் வைத்து, ஸ்பூனின் பின்பக்கத்தால் நசுக்குங்கள். விரலில் தேய்த்தால் மணல்போல நெருநெருக்கக் கூடாது, அந்தப் பதம் வரும்வரை. தூள் மூக்கில் ஏறும், முகக்கவசம் போட்டுக்கொள்வது நல்லது. முதலில் கால் டீஸ்பூன் மட்டும் போதும்.

இனிதான் கவனம். பாட்டிலின் கழுத்தை உள்ளும் புறமும் நன்றாகத் துடைத்துக் காயவிட்டு, சின்ன காகிதக் கூம்பு செருகி அதன் வழியாகக் கொட்டுங்கள். கழுத்து ஈரமாக இருந்தால் பொடி அங்கேயே ஒட்டி, சிமெண்ட் பூசியதுபோல இறுகிவிடும். அப்புறம் மூடி சரியாக மூடாது. பொடி விழுந்ததும் சில நொடிகள் மேலேயே ஆடைபோல மிதக்கும். பிறகு ஓரத்தில் ஒரு குமிழி வெடித்து, நூல் நூலாகக் கீழே இறங்கும். அந்தக் காட்சிக்காகவே நான் இந்த வேலையைச் செய்கிறேனோ என்று சில சமயம் தோன்றும்.

இரண்டு மூன்று சின்ன எவர்சில்வர் பால்ரஸ் குண்டுகள் போட்டுக் குலுக்கினால் கட்டிகள் உடையும். சாதாரண இரும்புக் குண்டு துருப்பிடித்து நிறத்தைக் கெடுக்கும். சந்தேகம் இருந்தால் நெயில் பாலிஷ் ரிமூவரில் மூன்று நாள் ஊறவைத்துப் பாருங்கள், துரு கிளம்பாததை மட்டும் போடுங்கள். குலுக்கிய உடனே பூசவேண்டாம். ஒரு மணி நேரம் விட்டால் குமிழிகள் அடங்கும்.

வெளிர் நிறமாகத் தெரிகிறதா? இன்னும் ஒரு சிட்டிகை சேருங்கள். கால் டீஸ்பூனில் தொடங்கி அரை டீஸ்பூனோடு நிறுத்துவது என் வழக்கம். அதற்கு மேல் போனால் அது பாலிஷ் இல்லை, சேறு.

கேள்வி: அடிமட்டத்தில் கொஞ்சம் லிப்ஸ்டிக் மிச்சமிருக்கிறது. உருக்கி ஊற்றினால் அழகான சிவப்பு கிடைக்குமே?

எனக்கும் அப்படித்தான் தோன்றியது. ஒரு லிப்ஸ்டிக்கின் அடிப்பகுதியை வழித்தெடுத்து, வெந்நீரில் வைத்த கிண்ணத்தில் உருக்கி, பாட்டிலில் விட்டேன். அப்போது பிரமாதமாகக் கலந்ததுபோலத்தான் இருந்தது. ராத்திரி பூசிக்கொண்டு படுத்தேன். காலையில் பத்து நகங்களிலும் போர்வையின் நெசவு அச்சு அச்சாகப் பதிந்திருந்தது. பாட்டிலில் மெழுகு வெள்ளைத் துணுக்குகளாகப் பிரிந்து மேலே மிதந்தது.

லிப்ஸ்டிக் என்பது மெழுகும் எண்ணெயும். நிறம் அதற்குள் கொஞ்சம்தான். அதிலிருக்கும் ஆமணக்கெண்ணெய் போன்ற எண்ணெய் ஆவியாகாது, படலத்துக்குள்ளேயே தங்கி அதை மெத்தென்று வைத்திருக்கும். கிரீம் பிளஷ், கிரீம் ஐ ஷேடோ, லிக்விட் ஃபவுண்டேஷன் எல்லாவற்றுக்கும் இதே தீர்ப்பு. மிச்ச லிப்ஸ்டிக்கை உருக்கி, சுத்தமான சின்ன டப்பாவில் லிப் பாமோடு சேர்த்து ஊற்றிவையுங்கள். அது உதட்டில்தான் பிழைக்கும்.

கேள்வி: மஸ்காரா?

வேண்டாம். சாதாரண மஸ்காராவில் பாதிக்கு மேல் தண்ணீர் சார்ந்த சமாச்சாரம். பாலிஷில் விழுந்ததும் திரிந்த பால்போலப் பிரிந்துவிடும்.

கேள்வி: கலந்தபோது நன்றாக இருந்தது. மறுநாள் பார்த்தால் பொடி முழுவதும் அடியில், மேலே தெளிந்த தண்ணீர்போலப் பாலிஷ். என்ன தவறு?

உங்கள் தவறு இல்லை, டாப் கோட்டின் குணம். கடையில் வாங்கும் நிற பாலிஷ்களில் ஸ்டீரால்கோனியம் ஹெக்டோரைட் என்ற பதப்படுத்திய களிமண் சேர்த்திருப்பார்கள். அசையாமல் இருக்கும்போது அது பாலிஷை லேசாக இறுகவைத்து நிறத்தூளைத் தாங்கிப் பிடிக்கும். குலுக்கினாலோ பிரஷ்ஷால் இழுத்தாலோ இளகிவிடும். நிறமில்லாத டாப் கோட்டில் தாங்கிப்பிடிக்க எதுவும் இல்லாததால் அந்தக் களிமண்ணை வழக்கமாகப் போடுவதில்லை. நம் பொடி போய் அடியில் உட்கார்ந்துகொள்ளும்.

வழி இருக்கிறது. மிகவும் வெளிர்ந்த, நகம் தெரியும்படியான முத்து நிற பாலிஷ் ஒன்றை அடிப்படையாக எடுத்துக்கொள்ளுங்கள். லேபிளில் மேற்சொன்ன பெயர் இருக்கிறதா என்று பாருங்கள். இருந்தால் பொடி நாள்கணக்கில் நிற்கும். முழுப் பாட்டிலாகச் செய்யாமல், ஒரு முறை பூசும் அளவுக்குக் கொஞ்சமாகக் கலப்பது இன்னும் நல்லது. அலுமினியத் தாளில் நாலு சொட்டு பாலிஷ், ஊசிமுனை அளவு பொடி, பல்குச்சியால் ஒரு கலக்கு. பிடிக்கவில்லை என்றால் நஷ்டம் நாலு சொட்டுதான். புது நிறம் எதுவானாலும் நான் முதலில் இப்படித்தான் பார்ப்பேன்.

கேள்வி: காய்ந்தபின் பளபளப்பே இல்லை, சொரசொரப்பாக இருக்கிறது.

பொடி அதிகம். நிறத்தூள்களைச் சுற்றி மூடுவதற்குப் போதிய பாலிஷ் இல்லாவிட்டால் அவை படலத்துக்கு மேலே தலையை நீட்டும், வெளிச்சம் சிதறும். ஒதுக்கிவைத்த கால்வாசி பாலிஷை இப்போது திரும்ப ஊற்றுங்கள். சொரசொரப்பு மட்டும் போகவில்லை என்றால் பொடி சரியாக அரையவில்லை. மேலே ஒரு பூச்சு டாப் கோட் அடித்தால் இரண்டு குறையும் பெரும்பாலும் மறைந்துவிடும். மேட்டாகவே பிடித்திருந்தால் விட்டுவிடுங்கள், தப்பில்லை.

கேள்வி: பாட்டில் தேன்போலக் கெட்டியாகிவிட்டது. ரிமூவர் நாலு சொட்டு விடலாமா?

விடலாமா என்று கேட்காமல் விட்டுவிட்டுத்தான் பலர் எழுதுகிறார்கள்! ரிமூவரில் அசிட்டோனோடு தண்ணீரும், நகம் வறண்டுபோகாமலிருக்கச் சேர்த்த எண்ணெயும் இருக்கலாம். அந்த நேரத்துக்கு இளகும், பிறகு பூசினால் திட்டுத்திட்டாக உரியும். நெயில் பாலிஷ் தின்னர் என்றே தனியாக விற்கிறார்கள். பாலிஷில் இருக்கும் அதே கரைப்பான்கள்தான் அதில். இரண்டு மூன்று சொட்டு விட்டு, பாட்டிலை உள்ளங்கைகளுக்கு நடுவே உருட்டி, பத்து நிமிடம் கழித்துப் பாருங்கள்.

தயவுசெய்து அடுப்பருகில் வைத்து இளக்காதீர்கள். எத்தில் அசிடேட்டின் ஆவி மைனஸ் 4 டிகிரி செல்சியஸிலேயே தீப்பொறி பட்டால் பற்றிக்கொள்ளும். நைட்ரோசெல்லுலோஸோ வெடிமருந்துக்குச் சொந்தக்காரன். 1920களில் கார்களுக்கு அடித்த வேகமாகக் காயும் பெயிண்டும் அந்தக் குடும்பம்தான். மெழுகுவத்தி, ஊதுபத்தி, சிகரெட் எதுவும் பக்கத்தில் கூடாது, ஜன்னல் திறந்திருக்கட்டும்.

கேள்வி: ஜெல் பாலிஷில் பொடி கலக்கலாமா? வீட்டில் விளக்கு இருக்கிறது.

இந்த ஒன்றில் மட்டும் கண்டிப்பாகச் சொல்கிறேன், கூடாது. ஜெல் காய்வதில்லை. விளக்கின் புற ஊதா ஒளி பட்டு அதிலிருக்கும் அக்ரிலேட் மூலக்கூறுகள் ஒன்றோடொன்று பிணைந்து இறுகுகின்றன. நீங்கள் போடும் நிறத்தூள் அந்த ஒளியை மறைக்கும். மேலே இறுகி, அடியில் இறுகாமல் நிற்கும். இறுகாத அக்ரிலேட் தோலில் திரும்பத் திரும்பப் பட்டால் ஒவ்வாமை வரலாம். ஒருமுறை வந்துவிட்டால் பெரும்பாலும் ஆயுளுக்கும் அது போகாது. பல் சிகிச்சைப் பொருள்கள் சிலவற்றிலும் அக்ரிலேட் உண்டு என்பதால் தொல்லை நகத்தோடு நிற்காமலும் போகலாம். ஒரு பாட்டில் நிறத்துக்கு அவ்வளவு விலை கொடுக்க வேண்டாம்.

கேள்வி: என் பிளஷ் வாங்கி நாலு வருஷமாகிறது. முகத்துக்குப் போட பயம். நகத்துக்கு?

பவுடர் பிளஷ் என்றால் போடலாம். தண்ணீர் இல்லாத, கரைப்பான் நிறைந்த இடத்தில் கிருமிகள் வளர்வது கடினம். ஆனால் பூஞ்சை தெரிந்தாலோ, நாற்றம் மாறியிருந்தாலோ, கண் நோய் வந்த நாள்களில் பயன்படுத்திய ஷேடோவாக இருந்தாலோ குப்பைத்தொட்டிதான். மேற்பரப்பில் மெழுகு பூத்ததுபோல இறுகியிருப்பது விரல் எண்ணெய் ஏறிய அடுக்கு. அதைச் சுரண்டி எறிந்துவிட்டு அடியில் இருப்பதை எடுங்கள்.

கேள்வி: பள்ளிக் கைவேலைக்கு வாங்கிய கிளிட்டர் மிச்சமிருக்கிறது, சேர்க்கலாமா?

முதலில் ஒரு சிட்டிகையை ரிமூவரில் போட்டு ஒரு வாரம் வையுங்கள். கைவேலைக் கிளிட்டர்களில் பல, பிளாஸ்டிக் மேல் சாயம் பூசியவை. சாயம் கரைந்து வெறும் வெள்ளித் துணுக்குதான் மிஞ்சும், அல்லது சுருண்டுபோகும். தாக்குப்பிடித்தால் சேருங்கள். இல்லாவிட்டால் ஈரப் பாலிஷ் மேல் தூவி, மேலே டாப் கோட் அடித்துக்கொள்ளுங்கள், கணக்கு அதேதான்.

கேள்வி: நான் செய்த ஊதா நிறத்தைத் துடைத்தபின் நகமெல்லாம் கறை. எப்படிப் போகும்?

நிறம் இரண்டு வகை. கரையாத நிறமித்தூள் ஒன்று, கரைந்து ஊறும் சாயம் இன்னொன்று. இரும்பு ஆக்சைடு, மைக்கா போன்றவை முதல் வகை, நகத்தில் ஊறாது. அடர் ஊதா, அடர் இளஞ்சிவப்பு ஷேடோக்களில் சாயத்திலிருந்து செய்த தூள்கள் இருக்கக்கூடும், அவை கரைப்பானில் கசியலாம். நெயில் பாலிஷ் வரலாற்றிலும் இந்தச் சண்டை உண்டு. 1932இல் தொடங்கிய ரெவ்லான் பெயர் வாங்கியதே, சாயத்துக்குப் பதிலாக நிறமித்தூள் போட்டு ஒளி ஊடுருவாத பாலிஷ் விற்றதால்தான்.

ஏறிய கறை நகம் வளர வளரத்தான் போகும். கை நகம் மாதத்துக்குச் சுமார் மூன்று மில்லிமீட்டர் வளரும் என்று கணக்குப் போட்டுக்கொள்ளுங்கள். தேய்த்துத் தேய்த்து நகத்தை மெலிதாக்கிவிடாதீர்கள். அடுத்த முறை நிறத்துக்கு முன்னால், அடியில் பூசும் பேஸ் கோட் இரண்டு பூச்சு போடுங்கள்.

கேள்வி: ஆறு வயது மகளுக்கு இதைப் போட்டுவிடலாமா?

விரலை வாயில் வைக்கும் வயது. வேண்டாம். பொடி நசுக்கும் வேலையை வேண்டுமானால் அவளிடம் கொடுங்கள், முகக்கவசத்தோடு.

கேள்வி: தோற்றுப்போன பாட்டில்கள் நான்கு சேர்ந்துவிட்டன. கழுவி ஊற்றிவிடலாமா?

சாக்கடையில் ஊற்றாதீர்கள். பெயிண்ட், இரசாயனக் கழிவு தனியாக வாங்கும் இடம் இருந்தால் மூடியோடு அங்கே கொடுத்துவிடுங்கள். இல்லாவிட்டால் பழைய அட்டையில் மெல்லிசாகப் பரப்பி, வெளியில், குழந்தைகளும் நெருப்பும் எட்டாத இடத்தில் முழுவதும் காயவிட்டுக் குப்பையில் போடுங்கள். காலியான பாட்டிலில் கொஞ்சம் ரிமூவர் விட்டு, பால்ரஸ் குண்டுகளோடு குலுக்கினால் சுவரில் ஒட்டியிருப்பதும் கழன்று வரும். குண்டுகளை எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். பிரஷ்ஷையும்.