ஜாஷ் கிப்சன் அடித்தது 800 ஹோம் ரன்னா, 200-க்கும் குறைவா?

கேள்வி: என் மகள் பள்ளிக்காக பேஸ்பால் வீரர் ஜாஷ் கிப்சனைப் பற்றி எழுதுகிறாள். ஓரிடத்தில் 800 ஹோம் ரன் என்றிருக்கிறது, இன்னோரிடத்தில் 200கூட இல்லை. எதை நம்புவது? அவர் கையெழுத்திட்ட பந்து ஒன்று இணையத்தில் விலைக்கு வருகிறது. அவளுக்கு வாங்கித் தரலாமா?

பதில்: பந்தை வாங்காதீர்கள். காரணத்தைப் பிறகு சொல்கிறேன்.

இரண்டு எண்ணும் வெவ்வேறு கணக்கு. (ஹோம் ரன் என்றால் ஏறக்குறைய கிரிக்கெட் சிக்சர் மாதிரி.) அமெரிக்காவின் வெள்ளையர் லீக்குகள் கறுப்பர்களுக்குக் கதவைச் சாத்தியிருந்த காலத்தில், கிப்சன் ஆடிய ஹோம்ஸ்டெட் கிரேஸ் போன்ற கறுப்பின அணிகள் லீக் ஆட்டங்களை மட்டும் நம்பி வயிறு கழுவ முடியாது. ஊர் ஊராகப் போய்க் கிடைத்த அணியோடெல்லாம் ஆடினார்கள். அதையும் சேர்த்துத்தான் பேஸ்பாலின் புகழ் மண்டபமான ஹால் ஆஃப் ஃபேம் 1972-இல் வைத்த பட்டயம் 'கிட்டத்தட்ட 800' என்கிறது. அமெரிக்காவின் முதல்தரத் தொழில்முறைப் போட்டியான மேஜர் லீக்கின் இப்போதைய பட்டியல் லீக் ஆட்டங்களை மட்டும் எண்ணுகிறது. மகள் இரண்டையும் எழுதட்டும், எது எந்தக் கணக்கு என்ற விளக்கத்தோடு.

பேட்டிங் சராசரியில் இந்தக் குழப்பம் இல்லை. வாழ்நாள் கணக்கில் 1000 வாய்ப்புக்கு 372 ஹிட். முந்தைய சாதனையாளர் டை காப்பின் 367-ஐத் தாண்டி, மேஜர் லீக் பட்டியலில் கறுப்பின லீக் கணக்குகளும் சேர்ந்த 2024 மே மாதம் முதல் அதுதான் சாதனை. அதுவும் விக்கெட் கீப்பர்போலக் குந்தியே இருக்கும் கேட்சர் வேலையைப் பார்த்துக்கொண்டு! "குறைந்த ஆட்டங்கள்தானே" என்று யாராவது சொன்னால், கொரோனா ஆண்டான 2020-ஐக் காட்டுங்கள். அணிக்கு 60 ஆட்டம்தான், அதைச் செல்லாது என்று யாரும் தள்ளவில்லை. ஒரு பருவத்தின் பட்டியலில் இடம்பெற, அணியின் ஒவ்வோர் ஆட்டத்துக்கும் சராசரியாக 3.1 முறை பேட் செய்ய வந்திருக்க வேண்டும் என்பதே விதி. பருவம் சின்னதானால் வரம்பும் சின்னதாகும். கிப்சன் ஒரு பருவத்தின் சராசரியில் சாதனை வைத்த 1943-க்கும் அதே விதிதான், சலுகை எதுவும் கிடையாது. எவை மேஜர் லீக் என்று 1969-இல் ஒரு குழு உட்கார்ந்து முடிவுசெய்தபோது கறுப்பின லீக்குகளை எடுத்துக்கொள்ளவே இல்லை. அதைத் திருத்த 2020 வரை ஆனது. இதற்கு என்ன சமாதானம் சொன்னாலும் எனக்கு ஆறாது.

சரி, பந்து. கிப்சன் 1947 ஜனவரியில் 35 வயதில் இறந்தார். அவருடைய உண்மையான கையெழுத்து மிக அரிது, போலிகளோ ஏராளம். பந்தில் அச்சிட்டிருக்கும் லீக் தலைவர் பெயரைப் பாருங்கள். வாரன் கைல்ஸ் என்றிருந்தால் அவர் 1951-இல்தான் பதவிக்கு வந்தவர். மார்க்கர் பேனா மையும் கிப்சன் காலத்தது அல்ல. விற்பவரே அச்சடித்துத் தரும் சான்றிதழுக்குக் காகித விலைகூடக் கிடையாது. பந்தின் எல்லாப் பக்கமும் தெரிய படம் கேளுங்கள். மழுப்பினால் அங்கேயே பேச்சை முடித்துக்கொள்ளுங்கள்.